குசினியில் ஒரு தமிழ்ப் பாடம்

 

பள்ளிவாசல் முன்னாலும் சந்தையிலும் வட்ஸ்அப் குழுக்களிலும் கொஞ்ச நாளாக ஒரு கேள்வி சுற்றிக்கொண்டிருக்கிறது. "அந்த நாலு வீட்டுக்கும் வேன்ல ஆக்கள் வந்து வந்து போறாங்களே, என்ன நடக்குது?" நேரே கேட்டவர்களுக்கு நேரே சொல்லிவிட்டோம். கேட்காமலே முடிவு கட்டியவர்களும் இருக்கிறார்கள். எல்லோருக்குமாகச் சேர்த்து இங்கே எழுதிவிடுவது நல்லது என்று நினைத்தோம். கொஞ்சம் நீளம்தான். தேத்தண்ணியை வைத்துக்கொண்டு ஆறுதலாக வாசியுங்கள்.

நாங்கள் என்பது மூன்று ஆசிரியர்கள், நாலு வீட்டு உம்மாமார், அந்த வீட்டுப் பிள்ளைகள். எங்களுக்குப் பெயர்ப் பலகை கிடையாது. யாருடைய நிதியும் கிடையாது. அரசியல்வாதி யாரும் பின்னால் இல்லை. இதையும் சொல்லச் சொன்னார்கள், சொல்லிவிட்டோம்.

நடப்பது இதுதான். வருகிறவர்கள் காலை ஒன்பது மணிக்கு வருவார்கள். எட்டுப் பேருக்கு மேல் எடுப்பதில்லை. குசினியில் இடம் காணாது, அதோடு எட்டுக்கு மேல் போனால் பெயரும் நினைவில் நிற்காது. செருப்பைக் கழற்றச் சொல்லி, விறாந்தையில் பன்பாயில் இருத்தி, முதலில் இஞ்சித் தேத்தண்ணி. பிறகு முற்றத்தில் அரிசி. இடித்து, அரித்து, வறுத்து, குழைத்து, கொத்தி, அவித்துப் பிட்டு. அதற்கு ஒரு பாலாணம், ஒரு சம்பல், அன்றைக்குக் கிடைத்த மீன். லுஹருக்குப் பாங்கு சொல்லும்போது வேலை முடிந்திருக்கும். தொழுகைக்குப் பிறகு சாப்பாடு. அதற்குள் ஐம்பது தமிழ்ச் சொல்லாவது அவர்கள் வாயில் ஏறியிருக்க வேண்டும் என்பது எங்கள் கணக்கு. சமையல் வகுப்பு உல்லையில் நிறைய இருக்கிறது. மொழியையும் சேர்த்துக் கொடுப்பதுதான் எங்களுடையது.

ஏன் தொடங்கினோம்? உங்களுக்குத் தெரியாததல்ல. பாலத்துக்கு அந்தப் பக்கம், அறுகம்பேயில், மே தொடங்கி ஒக்டோபர் வரைக்கும் அலைக்காக உலகமே வந்து நிற்கும். எங்கள் ஆண்கள் ஆட்டோ ஓட்டுவார்கள், களப்பில் தோணி விடுவார்கள், கடை போடுவார்கள். பெண்களுக்கு அதில் கிடைப்பது வெள்ளாப்பிலே எழும்பி இடியப்பம் அவித்து, விடியுமுன் ஹோட்டல்களுக்குக் கொடுத்துவிடுவது. அந்த இடியப்பத்தை அவித்த கை யாருடையது என்று சாப்பிடுகிறவருக்குத் தெரியாது. 2019 ஏப்ரல் 21க்குப் பிறகு அந்த வருமானமும் நின்றது. பருவம் திறக்கும் வாசலில் நடந்த அநியாயம் அது. அடுத்த வருடம் கொரோனா. 2022இல் பெற்றோல் வரிசை. இந்தக் காலத்தில்தான் எங்களில் ஒரு வீட்டில், கையில் தொழில் இருக்கிறது, சொல்லிக்கொடுக்க மூன்று டீச்சர்மார் இருக்கிறார்கள், மற்றவனுக்கு அவித்துக் கொடுப்பதை விட அவர்களை இங்கே கூப்பிட்டால் என்ன என்ற பேச்சு வந்தது.

முதலில் வெளியிலிருந்து சுற்றுலா நடத்தும் ஒருவர் கதைத்தார். ஆள் மரியாதையானவர்தான், ஆனால் கேட்டது வேறு. உம்மாமார் பழங்காலத்து உடுப்பு உடுக்க வேண்டும். கேஸ் சிலிண்டரை மறைக்க வேண்டும். மண் அடுப்பில்தான் எல்லாம் நடக்க வேண்டும். மொழிப்பாடம் பத்து நிமிடம் போதும், 'வணக்கம், நன்றி, மிகவும் சுவையாக இருக்கிறது' இந்த மூன்றும் காணும். மூத்தம்மா ஒருவர் கேட்டுக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னார்: "கேஸ் வாங்க நான் பட்ட பாட்டுக்கு, அத ஒளிக்கச் சொல்றீங்களா மனே?" அதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

ஆனால் அவர் சொன்ன மூன்று சொற்கள் எங்களை யோசிக்க வைத்தன. பயண வழிகாட்டிப் புத்தகங்களில் தமிழ் என்று போட்டால் முதல் சொல் வணக்கம். வெள்ளைக்காரப் பிள்ளை ஒன்று பாவம், வாசலில் நின்று கைகூப்பி வணக்கம் சொல்லும். எங்கள் மூத்தவாப்பாமாருக்கு என்ன மறுமொழி சொல்வதென்று தெரியாது. சிரித்துச் சமாளிப்பார்கள். நாங்கள் இப்படிச் சொல்லிக்கொடுக்கிறோம்: கோமாரியிலும் திருக்கோவிலிலும் தமிழ் வீட்டுக்குப் போனால் வணக்கம் சொல்லுங்கள், அது அங்கே முறை. எங்கள் வீட்டில் ஸலாம் சொன்னால் சந்தோசம். அது வாயில் வரவில்லையென்றால் "சுகமா இரிக்கீங்களா" என்று கேளுங்கள், அது எல்லா வீட்டிலும் செல்லும்.

நன்றி இன்னும் சிக்கல். எங்கள் வீட்டில் சாப்பாடு போட்ட உம்மாவுக்கு யார் நன்றி சொல்கிறோம்? சொன்னால் சண்டை பிடித்த மாதிரி இருக்கும். இன்னும் கொஞ்சம் பிட்டு கேட்பதுதான் எங்கள் நன்றி. அதனால் "இன்னும் கொஞ்சம்" என்பதை முதலிலும், "காணும்" என்பதை அதற்குப் பிறகும் பழக்குகிறோம். காணும் சொல்லத் தெரியாதவருக்கு எங்கள் உம்மாமார் போட்டுக்கொண்டே இருப்பார்கள். ஒரு பிள்ளை நாலு தரம் வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, சொல் மறந்து, கோப்பையின் மேல் இரண்டு கையையும் விரித்துப் பிடித்தது இன்னும் கண்ணில் நிற்கிறது.

வெளிநாட்டுக்காரரைப் பற்றி இவ்வளவு போதும். அவர்கள் வருவார்கள், போவார்கள், நல்ல மனிதர்கள், காசும் தருகிறார்கள். இந்தப் பதிவை எழுத வைத்தது வேறு ஆக்கள்.

அம்பாறை, உகனைப் பக்கத்திலிருந்து சிங்கள ஆசிரியர்கள் ஒரு வேனில் வந்தார்கள். எட்டுப் பேர். சிலர் தங்கள் பாடசாலையில் இரண்டாம் மொழியாகத் தமிழ் படிப்பிக்கிறவர்கள், சிலர் படித்துக்கொண்டிருக்கிறவர்கள். 1987இல் 13ஆவது திருத்தம் வந்து தமிழும் அரசகரும மொழியாகியது. தரம் 6 தொடக்கம் சிங்களப் பிள்ளை தமிழும் தமிழ் பேசும் பிள்ளை சிங்களமும் படிக்கிறது. 2007க்குப் பிறகு அரச வேலைக்குச் சேர்ந்தவர்கள் மற்ற மொழியில் தேர்ச்சி காட்ட வேண்டுமென்ற சுற்றறிக்கையும் இருக்கிறது. எல்லாம் இருந்தும், வந்தவர்களில் ஒருவர் எங்களிடம் தமிழில் சொன்னார்: "நான் தமிழில் கடிதம் எழுதுவேன். ஆனால் தண்ணீர் கேட்க வெட்கம்." எங்கள் பிள்ளைகளின் சிங்களமும் அதே நிலைதான், அதையும் சொல்ல வேண்டும்.

காரணம் எங்களுக்குத் தெரிந்தது ஒன்று. புத்தகத்தில் 'நான் பாடசாலைக்குச் செல்கிறேன்'. ரோட்டில் 'நான் பள்ளிக்கூடம் போறன்'. இதில் அவர்கள் பள்ளி என்றால் பாடசாலை என்று படித்து வைத்திருக்கிறார்கள். எங்களுக்குப் பள்ளி என்றால் தொழுகிற இடம். "வாப்பா பள்ளிக்குப் போயிருக்கார்" என்று ஒரு பிள்ளை சொன்னதும், வயதான வாப்பா இந்த வயதில் படிக்கிறாரா என்று ஒரு டீச்சர் ஆச்சரியப்பட்டுவிட்டார். எங்களில் ஒருவர் கண்டிப் பக்கத்திலிருந்து மணமுடித்து வந்தவர், தன் அக்காவைத் தாத்தா என்பார். சிங்களத்தில் தாத்தா என்றால் வாப்பா. "தாத்தாவுக்குப் போன மாதம்தான் குழந்தை கிடைத்தது" என்று அவர் சொன்னபோது விறாந்தை கொஞ்ச நேரம் அமைதியாகி, பிறகு வெடித்தது.

கல்வியியற் கல்லூரியில் எங்களுக்குச் சொல்லித் தந்த முறை ஒன்று உண்டு. சொல்லைக் காதால் கேட்டதும் உடம்பால் செய்ய வேண்டும், எழுதுவது பிறகு. வகுப்பறையில் அதைச் செய்தால் 'எழும்பு, இரு, கதவைத் திற' என்பதோடு முடிந்துவிடும். குசினியில் அது முடியவே முடியாது. அரிசி ஒன்றுக்கு எத்தனை வினைச்சொல் இருக்கிறது பாருங்கள். புடை, கொழி, தெள்ளு என்று சுளகுக்கு மட்டும் மூன்று. மூன்றும் வேறு வேறு அசைவு. பாடநூலில் எல்லாவற்றுக்கும் 'சுத்தம் செய்' என்ற ஒன்றுதான். சுளகைக் கையில் கொடுத்து "கொழிங்க" என்றால், கொழிக்கத் தெரியாமல் அரிசி நிலத்தில் கொட்டும், கோழி வரும், எல்லோரும் சிரிப்பார்கள், சொல் மட்டும் ஆயுளுக்கும் மறக்காது. அன்றைக்கு அவர்கள் எழுதிய வினைச்சொல் பட்டியலில் ஒரு டீச்சர் முதலாவதாக 'பிஸ்மி' என்று எழுதி, எதிரே சிங்களத்தில் 'ஆரம்பிக்கிறது' என்று போட்டிருந்தார். மூத்தம்மா எந்த வேலையைத் தொடங்கும்போதும் பிஸ்மி சொன்னதைக் கேட்டு எழுதியது. நாங்கள் அழிக்கவில்லை. விளக்கம் மட்டும் சொன்னோம்.

அவர்களும் சும்மா இருக்கவில்லை. உரலைக் கண்டதும் வங்கெடிய என்றார்கள், உலக்கையை மோல்கஹ, அம்மியை மிரிஸ்கல. எங்கள் பிள்ளைகள் தங்கள் கொப்பிகளைக் கொண்டுவந்து எழுதத் தொடங்கினார்கள். குசினி என்றோம், அவர்கள் குஸ்ஸிய என்றார்கள். இரண்டு பேரும் போர்த்துக்கேயரிடம் வாங்கியது. பாண் இரண்டு பேருக்கும் பாண். இடியப்பம் அவர்களுக்கு இந்தி ஆப்ப. வட்டிலப்பம் வட்டலப்பன். வட்டிலில் ஊற்றி அவிக்கிற அப்பம் என்று பிரித்துச் சொன்னதும், அவ்வளவு நாளும் வாயில் போட்ட சொல்லுக்கு உள்ளே ஒரு பாத்திரம் இருந்ததை அப்போதுதான் கண்டது போல ஒருவர் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்தார்.

அடுத்ததுதான் எங்களுக்கு முக்கியமானது. அடுப்பில் பாலாணம் கொதித்தது. 'ஆணம்' என்ற சொல்லை எங்கள் பிள்ளைகள் கட்டுரையில் எழுதப் பயப்படுவார்கள். அது வீட்டுப் பேச்சு, கொச்சை, கறி என்று எழுதினால்தான் புள்ளி என்ற எண்ணம் எங்கிருந்தோ வந்து ஒட்டிக்கொண்டிருக்கிறது. அந்த வீட்டுப் பிள்ளை, தரம் 9, மொழிபெயர்க்க நின்றவள், "இது தேங்காய்ப்பால் கறி" என்று திருத்தமாகச் சொன்னாள். வந்தவர்களுக்கு அது பிடிபடவில்லை. கறி என்றால் துண்டு இருக்க வேண்டுமே, இதில் துண்டு எங்கே? மூத்தம்மா அகப்பையால் அள்ளிக் காட்டி "கறி எங்க இரிக்கி? இது ஆணம். பாலாணம்" என்றார். உடனே ஒரு டீச்சர், "ஆ, கிரி ஹொதி!" என்றார். கிரி என்றால் பால். ஹொதி என்றால் ஆணம். பால் ஆணம், கிரி ஹொதி, சொல்லுக்குச் சொல் அப்படியே பொருந்துகிறது. திருக்கோவில் பக்கத்திலிருந்து எங்களோடு வந்திருந்த தமிழ் டீச்சர், "எங்கட வீட்டில் இதைத்தான் சொதி என்கிறது" என்றார். பலகையில் ஆணம், சொதி, ஹொதி என்று ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதினோம். சொதியும் ஹொதியும் ஒலியிலேயே கூடப்பிறந்தது போல நிற்கின்றன. பக்கத்தில் எங்கள் ஆணம். அந்தப் பிள்ளை மூத்தம்மாவைப் பார்த்த பார்வை வேறாக இருந்தது.

எங்கள் பேச்சைப் பற்றி வெளியார்தான் மதிப்பாகச் சொல்லியிருக்கிறார்கள் என்பதும் ஒரு வேடிக்கை. செக் நாட்டு மொழியியல் அறிஞர் கமில் சுவெலபில், மட்டக்களப்புத் தமிழ் பேச்சுத் தமிழ்களிலேயே எழுத்துத் தமிழுக்கு மிக நெருக்கமானது, பழைய கூறுகள் பலவற்றைக் காப்பாற்றி வைத்திருப்பது என்று எழுதியவர். மட்டக்களப்பிலிருந்து அம்பாறைக் கரையோரம் வரை நாங்கள் பேசுவதும் அந்தக் குடும்பத்துத் தமிழ்தான். எங்களிலும் பாடுபட்டவர்கள் இருக்கிறார்கள். நிந்தவூர் எஸ். முத்துமீரான் அவர்கள் எங்கள் மூத்தம்மாமார் பாடிய கவிகளைத் தேடித் தொகுத்துத் தந்தார். கல்முனைக்குடி எம்.ஏ. நுஃமான் சேர் மொழியியலே படித்தவர். ஆனாலும் 'மறுகா' என்று சொல்லிவிட்டு எங்கள் பிள்ளைகள் நாக்கைக் கடித்துக்கொள்வார்கள். வெளியாட்களுக்குப் பாடம் நடத்தும்போது நாங்கள் மறுகாவைத்தான் சொல்லிக்கொடுக்கிறோம். "மா குழைச்சாச்சி, மறுகா என்ன?" இந்த ஒரு வசனம் இருந்தால் முழுச் சமையலையும் ஓட்டலாம்.

இனி, எழுதலாமா வேண்டாமா என்று நாங்கள் இரண்டு நாள் யோசித்த விடயம்.

பிட்டுக்கு மா குழைக்கும்போது மூத்தம்மா சொல்லிக்கொண்டிருந்தார்: "கட்டி வைக்காம கொத்துங்க மகள். கட்டி இரிந்தா உள்ளுக்கு வேகாது." கட்டி என்றால் என்ன என்று கேட்டார்கள். ஒரு கட்டியை எடுத்து விரலால் உடைத்துக் காட்டினோம். உள்ளே பச்சை மா. அந்த இடத்தில் பேச்சு நின்றது. ஏன் நின்றதென்று எங்களுக்கும் விளங்கியது, அவர்களுக்கும் விளங்கியது.

2018 பெப்ரவரிக் கடைசியில் அம்பாறை நகரில் ஒரு முஸ்லிம் சாப்பாட்டுக் கடையில், கறிக்குள் கிடந்தது மலட்டு மாத்திரை என்று ஒரு கதை கட்டி, அன்றிரவே கடைகளையும் பள்ளிவாசலையும் வாகனங்களையும் உடைத்தார்கள். பிறகு அரச பகுப்பாய்வாளர் பரிசோதித்துச் சொன்னது, அது மாக்கட்டி. வெறும் மாக்கட்டி. அறிக்கை வருவதற்குள் கண்டியில் திகனையும் எரிந்துவிட்டது.

வந்தவர்களில் வயதில் மூத்த சேர் ஒருவர், அந்தக் கட்டியை எங்கள் கையிலிருந்து வாங்கினார். தன் உள்ளங்கையில் வைத்து உடைத்தார். "எங்கள் ஊரில் நிறையப் பேர் நம்பினார்கள். என் வீட்டிலும்" என்று சிங்களத்தில் மெதுவாகச் சொன்னார். நாங்கள் ஒன்றும் சொல்லவில்லை. மூத்தம்மாவுக்குச் சிங்களம் விளங்காது. என்ன சொல்கிறார் என்று கேட்டார். சொன்னோம். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, "ஆணம் தடிக்க மா கரைச்சி ஊத்துவாங்க கடையில. வடிக்காம ஊத்தினா கட்டி வரத்தான் செய்யும். வடிச்சி ஊத்தோணும்" என்றார். அவருக்கு அது சமையல் பிழை, அவ்வளவுதான். அதை அப்படியே சிங்களத்தில் சொன்னோம். சேர் தன் கொப்பியில் மாக்கட்டி என்று தமிழில் எழுதித் தரச் சொன்னார். எழுதிக் கொடுத்தோம். அதற்குப் பிறகுதான் நீத்துப்பெட்டியை அடுப்பில் வைத்தோம்.

சாப்பிட்டு எழும்பும்போது அவர்கள் "நாங்கள் போகிறோம்" என்றார்கள். அப்படிச் சொல்லக்கூடாது, "போய்ட்டு வாறம்" என்று சொல்ல வேண்டும் என்று பிள்ளைகள் திருத்தினார்கள். "நாங்களும் அப்படித்தானே, கிஹில்லா என்னம்" என்று ஒரு டீச்சர் சொன்னார். போய்விட்டு வருகிறோம். வீட்டில் அவர்கள் இப்படித்தான் சொல்வார்கள், தமிழ் என்றவுடன் புத்தகத்துக்குப் போய்விட்டார்கள்.

ஊரில் எழுந்த ஆட்சேபங்களுக்கு வருவோம். பெண்களைக் காட்டிக் காசு உழைக்கிறார்கள் என்று ஒரு பேச்சு. முகத்தைப் படமெடுக்க யாருக்கும் அனுமதியில்லை. பிட்டையும் கையையும் எடுக்கலாம், அதுவும் கேட்டுவிட்டு. ஆண்கள் வந்தால் முற்றத்தில் உலக்கை அவர்களுக்கு, குசினிக்குள் பெண்கள் மட்டும். வெள்ளிக்கிழமையும் நோன்பு மாதமும் வகுப்பில்லை. குடித்துவிட்டு வருகிறவருக்கு வாசல் திறக்காது, உல்லையிலிருந்து வரும் எல்லோருக்கும் இதை முன்கூட்டியே சொல்லிவிடுகிறோம். பள்ளி நிருவாகத்துக்கும் இவ்வளவையும் எழுத்தில் கொடுத்திருக்கிறோம்.

காசைப் பற்றியும் ஒளிக்க ஒன்றுமில்லை. தேங்காய் 200 ரூபாவைத் தொட்ட நாட்களில் பிட்டும் பாலாணமும் மலிவான சமையல் அல்ல. சாமான் செலவு போக மிச்சத்தில் பாதி சமைக்கிற வீட்டுக்கு. மற்றப் பாதியை மொழி சொல்லிக்கொடுக்கிறவர்கள் பிரித்துக்கொள்கிறோம், மூத்தம்மாவும் அதில் ஒரு பங்காளி. ஐம்பது சொல்லில் முப்பது அவர் வாயிலிருந்துதான் வருகிறது, அவரைச் சமையல்காரி என்று மட்டும் கணக்குப் பார்ப்பது நியாயமில்லை. உகனையிலிருந்து வந்தவர்களிடம் சாமான் செலவு மட்டும்தான் வாங்கினோம், அதுவும் அவர்கள் வற்புறுத்தியதால்.

இன்னொருவர் எழுதியிருந்தார்: "இவங்கள் வந்து திண்டுட்டுப் போவாங்கள், நாளைக்கு ஏதும் நடந்தால் கல்லெறிய முதல் ஆளா நிற்பாங்கள்." 2018ஐயும் 2019ஐயும் கண்ட ஒருவர் இப்படிச் சொன்னால் கோபிக்க எங்களுக்கு உரிமையில்லை. இருந்தாலும் எட்டுப் பேருக்கு மாக்கட்டி என்றால் என்னவென்று இப்போது கையால் தெரியும். அவர்களில் பாதிப் பேர் வகுப்பறைக்குள் நிற்கிறவர்கள். நாங்கள் தொடர்ந்து கூப்பிடத்தான் போகிறோம்.

அடுத்த பாடசாலை விடுமுறையில் அவர்கள் எங்களை அழைத்திருக்கிறார்கள். அங்கே கொகிஸும் கிரிபத்தும் செய்யப் பழக்குவார்களாம், பாடம் முழுக்கச் சிங்களத்தில். எங்கள் சாப்பாட்டு முறை பற்றி அவர்களாகவே கேட்டார்கள். புதுப் பாத்திரமும், நாங்கள் கொண்டுவரும் எண்ணெயும் பாவிப்பதாகச் சொன்னார்கள். பிள்ளைகளில் பதினைந்து பேருக்கு இடமிருக்கிறது. பெற்றோர் ஒருவராவது கூட வர வேண்டும். வர விரும்புகிறவர்கள் உள்பெட்டியில் பெயர் போடுங்கள்.

இன்னொரு உதவியும் வேண்டும். எங்கள் நாலு வீட்டிலும் சேர்த்து ஒரு மர உரல்தான் இருக்கிறது, அதுவும் அடி வெடித்தது. உங்கள் கொட்டிலில், கோழிக்கூட்டுக்குப் பின்னால், எங்காவது பழைய உரல் கிடந்தால் சொல்லுங்கள், நாங்களே வந்து ஏற்றிக்கொள்கிறோம். தயவுசெய்து விறகுக்குக் கொத்திவிடாதீர்கள்.